கோதண்டம் பிடித்த கயிறு

கோதண்டத்தின் பெயர் இருபத்திரண்டு வருஷத்தில் ஒரே ஒரு படத்தில்தான் வந்தது. அதிலும் 'கோதண்டபாணி' என்று போட்டுவிட்டார்கள். அதைப் பார்ப்பதற்கென்றே எர்ணாவூர் குடியிருப்பிலிருந்து பதினோரு பேரைக் கூட்டிக்கொண்டு தியேட்டருக்குப் போயிருந்தாள் அவர் மனைவி பச்சையம்மா. படம் முடிந்து ஜனமெல்லாம் செருப்பைத் தேடிக்கொண்டிருக்க, அவள் மட்டும் நகராமல் ஓடுகிற பெயர்களை எழுத்துக் கூட்டிப் படித்தாள். "யார்யா அந்தப் பாணி? என் வூட்டுக்காரு பேரு வெறும் கோதண்டம்" என்று திரையைப் பார்த்தே கேட்டாள். கோதண்டம் கைலி மடிப்பைச் சரிசெய்வதுபோல் குனிந்துகொண்டார்.

அவர் செய்கிற வேலை என்னவென்று கேட்டால், "ரோப்பு" என்பார். அதற்கு மேல் விளக்கம் வராது. நாம்தான் சொல்ல வேண்டும். கதாநாயகன் மாடியிலிருந்து குதிக்கிறான், ஒரே தாவலில் ஏழு பேரை உதைக்கிறான், தியேட்டரில் விசில் பறக்கிறது. உதைத்தவன் முதுகில் ஒரு கயிறு இருந்தது. அதைப் பிறகு கம்ப்யூட்டரில் அழித்துவிட்டார்கள். கயிறு என்று ஒன்று இருந்தால் அதற்கு இன்னொரு முனையும் இருக்கத்தானே வேண்டும்? அந்த முனையைப் பிடித்துக்கொண்டு கிரேனுக்குப் பின்னால் நிற்கிற ஐந்து பேரில் முதல் ஆள் கோதண்டம். விடு என்றால் விடுவதும் பிடி என்றால் பிடிப்பதும் மற்ற நாலு பேர் வேலை. எப்போது விடு, எப்போது பிடி என்பது அவர் வேலை. கேட்பதற்கு என்னவோ சுலபமாகத்தான் இருக்கிறது.

இந்த வேலைக்கு அவர் வந்தது வாயால். முகத்துவாரக்குப்பத்தில் கரைவலை இழுத்துக்கொண்டிருந்த காலம், வயது இருபத்தொன்பது. எண்ணூர் கழிமுகத்தில் ஒரு சண்டைக் காட்சி எடுக்க வந்தார்கள். வேடிக்கை பார்க்கிற கூட்டத்தில் ஓரமாக நின்றவர் சும்மா நின்றிருக்கலாம். "அந்த முடிச்சு நிக்காது" என்று சத்தமாகச் சொல்லிவிட்டார். சண்டை மாஸ்டருக்குச் சுருக்கென்று கோபம். "அப்ப நீயே வந்து கட்டு" என்றார் எகத்தாளமாக. கோதண்டம் போய்க் கட்டினார். மாஸ்டர் தன் உடம்பின் மொத்த எடையையும் அந்த முடிச்சில் போட்டுத் தொங்கிப் பார்த்தார், இரண்டு தரம் உலுக்கினார். பிறகு இறங்கி, "நாளைக்கு உன்னை மாதிரி நாலு பேரைக் கூட்டிட்டு வா" என்றார்.

கடலில் மீன் குறைந்துகொண்டும் ஆற்றில் அனல்மின் நிலையத்துச் சாம்பல் கூடிக்கொண்டும் இருந்த சமயம் அது. சினிமாவில் மத்தியானச் சாப்பாடு வேறு போட்டார்கள். யோசிப்பதற்குப் பெரிதாக ஒன்றுமில்லை. கரைவலை இழுத்த கைகளுக்கு வேலையும் புதிதாக இல்லை. நாற்பது பேர் இழுக்கிற வலையில் ஒருத்தன் மட்டும் அவசரப்பட்டால் வலை கோணிக்கொள்ளும். அங்கே பழகிய நிதானம் இங்கே உதவியது. ஆனால் வலையில் வருவது மீன், இங்கே தொங்குவது ஆள். அந்த வித்தியாசம் கோதண்டத்துக்கு முதல் நாளே உறைத்தது. அன்று சாயங்காலம் வீட்டுக்கு வந்து சோறு இறங்காமல் உட்கார்ந்திருந்தார்.

முதல் நாள் தொங்கிய ஆள் ஜுபைர். ராயபுரத்தில் சைக்கிள் கடை வைத்திருந்தவரின் மகன். அப்போது இருபத்திரண்டு வயது, எலும்பும் நரம்புமாக இருப்பான். கதாநாயகனுக்குப் பதிலாகக் குதிப்பது, விழுவது, கண்ணாடியை உடைத்துக்கொண்டு வெளியே வருவது எல்லாம் அவன். இடுப்பில் பெல்ட்டைப் பூட்டிக்கொண்டு மேலே ஏறப் போனவனைக் கோதண்டம் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"தம்பி, எம்மேல உனக்கு எதுனா கோவம் கீதா?"

ஜுபைருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "இப்பதான் உன் மூஞ்சியவே பாக்குறேன் நைனா. இன்னா கோவம்?"

"சரி. எனக்கும் இல்ல. போ."

இது குப்பத்து வழக்கம். இரண்டு பேருக்குள் சண்டையிருந்தால் ஒரே படகில் ஏற மாட்டார்கள். ஏறித்தான் ஆக வேண்டும் என்றால், கரையிலேயே நின்று திட்ட வேண்டியதைத் திட்டி முடித்துவிட்டுத்தான் படகைத் தள்ளுவார்கள். மனசில் ஒன்றை வைத்துக்கொண்டு இருப்பவனின் கை ஒரு நொடி தாமதிக்கும். அவன் கெட்டவனாக இருக்க வேண்டியதில்லை, கை அப்படித்தான். இதைக் கோதண்டம் கயிற்றுக்குக் கொண்டுவந்தார். நாளாக ஆக, கேட்பது ஜுபைரின் பங்காகிவிட்டது. மேலே ஏறுமுன் வந்து நின்று, "மனசுல எதுனா கீதா நைனா?" என்பான். "ஒண்ணும் இல்ல, போ" என்பார். அதற்குப் பிறகுதான் கயிறு இறுகும். கற்பூரம் காட்டுவதுபோல் இதுவும் ஏதோ சாமி காரியம் என்று யூனிட்டில் நினைத்துக்கொண்டார்கள்.

ஒரே ஒரு தடவை கோதண்டம் "கீது" என்று சொல்லியிருக்கிறார். பச்சையம்மா கொடுத்தனுப்பிய எறா தொக்கில் உப்பு ஜாஸ்தி என்று முந்தின நாள் ஜுபைர் சொல்லிவிட்டான். காமிரா, கதாநாயகன், வாடகைக்கு எடுத்த நாற்பது குதிரைகள் எல்லாம் காத்துக்கொண்டிருக்க, இருவரும் கிரேனுக்குப் பின்னால் நின்று பத்து நிமிஷம் தொக்கைப் பற்றிப் பேசினார்கள். உப்பு கொஞ்சம் ஜாஸ்திதான் என்று கடைசியில் கோதண்டமே ஒப்புக்கொண்டார். பிறகு ஜுபைர் அறுபது அடி உயரத்திலிருந்து விழுந்தான், ஒரே டேக்கில் ஓகே.

இப்படியே இருபத்திரண்டு வருஷம். பாறையிலிருந்து, பாலத்திலிருந்து, செட்டு போட்ட கோபுரத்திலிருந்து என்று அவன் விழுந்த கணக்கு அவனுக்கே தெரியாது. பக்ரீத்துக்கு அவன் மனைவி நசீமா எர்ணாவூருக்குத் தூக்குவாளியில் பிரியாணி அனுப்புவாள். வஞ்சிரம் மலிவாகக் கிடைத்தால் பச்சையம்மா ராயபுரத்துக்கு வறுத்து அனுப்புவாள். கோதண்டத்தின் பெண் கல்யாணத்தில் பந்தி பரிமாறியதும் அவன், மாப்பிள்ளை வீட்டாரோடு சண்டை போட்டதும் அவன். கோதண்டத்தின் கூடப் பிறந்த தம்பி சூலூர்ப்பேட்டையில் இருக்கிறான். அவனைப் பார்த்து நாலு வருஷம் ஆகிறது என்பது ஜுபைர் கேட்டபோதுதான் கோதண்டத்துக்கு ஞாபகம் வந்தது.

போன ஆவணியில் ஒரு காலை. திருவொற்றியூரில் மூடிக் கிடக்கிற ஒரு பழைய பட்டறைக்குள் படப்பிடிப்பு. கோதண்டம் கிளம்பிக்கொண்டிருந்தபோது டப்பாவில் இட்லி வைத்துக்கொண்டே பச்சையம்மா சொன்னாள்:

"ஜுபைருக்கு ஒரு சட்டைத்துணி எட்த்து வெச்சிக்கீறேன்யா. பையில கீது. வேலை முடிஞ்சதும் குடு."

"இன்னாத்துக்கு?"

"இன்னியோட கடைசின்றாங்க, வெறுங்கையோட அனுப்புவாங்களா? ஒண்ணாந்தேதியிலேர்ந்து பெரம்பூர்ல ஸ்கூல் வேன் ஓட்டப் போறானாமே. நசீமா நேத்து போன்ல சொல்லிச்சி." டப்பாவை மூடப் போனவள் நிமிர்ந்து பார்த்தாள். "உனக்குத் தெரியாதா?"

"தெரியும், தெரியும்" என்றார் கோதண்டம்.

பஸ்ஸில் போகும்போது அவருக்கு நெஞ்சு எரிந்தது. பெரம்பூர் பள்ளிக்கூடத்துக்குத் தெரியும், நசீமாவுக்குத் தெரியும், எர்ணாவூரில் இட்லி வேகவைக்கிற பச்சையம்மாவுக்குக்கூடத் தெரியும். கயிறு பிடிக்கிறவனுக்குத் தெரியாது. நான் என்ன, கிரேனில் மாட்டின கொக்கியா? ஒரு வார்த்தை சொன்னால் வாய் தேய்ந்துவிடுமா? எல்லையம்மன் கோயில் நிறுத்தம் வருவதற்குள் அவனிடம் கேட்க வேண்டிய கேள்விகளை மூன்று விதமாக அடுக்கிவிட்டார். இறங்கும்போது, ஒன்றையும் கேட்கக் கூடாது, அவனாகச் சொல்கிறானா பார்ப்போம் என்று முடிவு செய்துகொண்டார்.

அவன் சொல்லவில்லை. வழக்கம்போல் வந்து பக்கத்தில் உட்கார்ந்து டப்பாவைத் திறந்தான்.

"இன்னா நைனா, நாஸ்டா துன்னலியா?"

"பசிக்கல."

பட்டறையின் உச்சி உத்தரத்திலிருந்து கதாநாயகன் நாற்பது அடி கீழே பாய வேண்டும், கைகளை விரித்தபடி, முகம் முன்னால். தரைக்கு ஓர் ஆள் உயரத்தில் கயிறு பிடித்து நிறுத்த வேண்டும். பகல் பதினோரு மணிக்குக் கூரை ஓட்டை வழியாக வெயில் சரியாக உள்ளே விழும். அரை மணி நேரம்தான் நிற்கும் என்று காமிராக்காரர் சொல்லியிருந்தார். ஜுபைர் கதாநாயகனின் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து நின்றான்.

"மனசுல எதுனா கீதா நைனா?"

கோதண்டம் கயிற்றைப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "ஒண்ணும் இல்ல, போ."

அந்தக் கேள்விக்கு அவர் சொன்ன முதல் பொய் அது. கயிறு இறுகியது, ஜுபைர் மேலே போனான். உத்தரத்தில் கால் ஊன்றிக் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினான். லைட் போட்டார்கள், காமிரா ஓட ஆரம்பித்தது, டைரக்டர் வாயைத் திறந்தார். கோதண்டத்தின் கை கயிற்றில் இருந்தது. அந்தக் கைக்குத் தன்மேலேயே நம்பிக்கை இல்லை என்பது அவருக்கு நன்றாகத் தெரிந்தது.

"இறக்குங்கடா" என்றார்.

அவருக்கு அடுத்து கயிற்றைப் பிடித்திருந்தவர் அருள்நாதன். துறைமுகத்தில் மூட்டை இறக்கிக்கொண்டிருந்துவிட்டு இந்த வேலைக்கு வந்து பதினைந்து வருஷமாக இதே இடத்தில் நிற்கிறவர், அதிகம் பேசாதவர். "இன்னா ஆச்சு?" என்றார்.

"நான் பொய் சொல்லிட்டேன். மனசுல கோவம் கீது. இறக்கு."

டைரக்டர் கத்தினார். மாஸ்டர் ஓடி வந்தார். பழைய மாஸ்டரின் மகன் இவர், அப்பாவிடமிருந்து இந்த வழக்கத்தை அறிந்தவர். முறைத்தார், கைக்கடிகாரத்தைப் பார்த்தார், "அஞ்சு நிமிஷம்" என்றார். ஜுபைர் இறங்கி கிரேனுக்குப் பின்னால் வந்தான்.

"வேன் ஓட்டப் போறியாமே" என்றார் கோதண்டம்.

அவன் தலையைக் குனிந்துகொண்டான். "அண்ணி சொல்லிச்சா?"

"யார் சொன்னா இன்னா. நீ சொல்லல. இத்தினி வருசமா உன் உசுரு என் கையில கீது. ஊருக்கெல்லாம் சொல்லிக்கினு எனக்கு மட்டும் சொல்லாம போறியே, நான் உனக்கு இன்னாடா பண்ணேன்?" குரல் உடைந்தது. உடையட்டும் என்று விட்டுவிட்டார்.

"முட்டி ரெண்டும் போய்டுச்சி நைனா. இதுக்குமேல குதிச்சா நடக்கவே முடியாதுன்னு டாக்டரு சொல்லிட்டாரு. கீழ எறங்குன ஒடனே மொதல்ல உங்கிட்டதான் சொல்லலாம்னு இருந்தேன்."

"ஏறதுக்கு முன்னாடி சொன்னா இன்னா?"

"கடைசின்னு தெரிஞ்சா உன் கை பயந்துக்கும். சீக்கிரம் பிடிச்சிடுவ. அதான் சொல்லல."

கோதண்டத்துக்கு வந்த கோபம் எல்லாம் போய் வேறு ஒரு கோபம் வந்தது. "என் கையா பயந்துக்கும்? யார்கிட்ட பேசற நீ? ஏறு மேல."

"மனசுல எதுனா..."

"ஒண்ணும் இல்ல. சத்தியமா இல்ல. ஏறு."

அது பொய் இல்லை. ஜுபைர் ஏறினான். காமிரா ஓடியது. "விடு" என்றார் கோதண்டம், கயிறு பறந்தது. கயிற்றில் ஒரு சிவப்புத் துணி கட்டியிருக்கும். தரையில் சுண்ணாம்பால் கிழித்த கோட்டுக்கு அது வரும்போது "பிடி" என்று சொல்ல வேண்டும். துணி கோட்டை எட்டுவதற்குப் பத்தடி இருக்கும்போதே அவர் வாய் "பிடி" என்றது. ஜுபைர் அந்தரத்தில் வெட்டி நின்று, துணி காயப்போட்டதுபோல் ஆடினான்.

"ஒன் மோர்" என்றார் டைரக்டர்.

இரண்டாம் தடவை எட்டடி முன்னால் பிடித்தார். மூன்றாம் தடவை, இந்த முறை கோடு வரும்வரை வாயைத் திறப்பதில்லை என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றார். வாய் திறக்கவில்லை, கை பிடித்துவிட்டது. பெல்ட் வெட்டிய வெட்டில் ஜுபைர் விலாவைப் பிடித்துக்கொண்டு இறங்கினான். அவன் முகத்தில் வலி இருந்தது, ஆனால் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லித் தொலைத்திருந்தால்கூடப் பரவாயில்லை என்று கோதண்டத்துக்கு இருந்தது.

மாஸ்டர் பக்கத்தில் வந்து மெதுவாகப் பேசினார். "அண்ணே, வெயில் இன்னும் பத்து நிமிஷம்தான். இன்னொரு தடவை இப்படி ஆச்சுன்னா புதுப் பையனை ஏத்திடுவேன். தப்பா எடுத்துக்காதீங்க."

பட்டறை வாசலில் ஒரு புதுப் பையன் அதே நிறச் சட்டையைப் போட்டுக்கொண்டு கால்களை உதறிக்கொண்டிருந்தான். ஜுபைர் அவனைப் பார்த்துவிட்டான். பார்த்ததைக் கோதண்டமும் பார்த்தார். இத்தனை வருஷம் விழுந்தவன், கடைசி நாளில் ஒரு ஷாட்டை முடிக்க முடியாமல் சட்டையைக் கழற்றிக் கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போவான். அவன் முட்டியால் அல்ல, இந்தக் கையால். வேன் ஓட்டும்போதெல்லாம் அவனுக்கு இதுதானே ஞாபகத்தில் இருக்கும்? கோதண்டம் கையுறையைக் கழற்றினார்.

"அருளு, நீ முன்னாடி வா."

அருள்நாதன் நகரவில்லை. "நானா?"

"நீதான். என்னால அவன வுட முடியல. மூணுவாட்டி பாத்துட்டேன், முடியல. நீ பிடி. துணியப் பாரு, அவனப் பத்தி நெனைக்காத."

ஜுபைர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தான். பிறகு அருள்நாதனிடம் போய் நின்று கேட்டான்: "மனசுல எதுனா கீதாண்ணே?"

"ஒண்ணும் இல்லப்பா" என்றார் அருள்நாதன், கையுறையை மாட்டிக்கொண்டே.

கோதண்டத்துக்கு எங்கே நிற்பதென்று தெரியவில்லை. கயிறு இல்லாத கைகளை என்ன செய்வதென்றும் தெரியவில்லை. கிரேனைச் சுற்றிக்கொண்டு முன்பக்கம் வந்து, கீழே விரித்திருந்த மெத்தைக்குப் பக்கத்தில், காமிராவில் விழாத இடமாகப் பார்த்து நின்றார். கயிறு பிடிப்பவன் சிவப்புத் துணியைத்தான் பார்க்க வேண்டும், ஆளைப் பார்க்கக் கூடாது. அதனால் ஜுபைர் விழுவதை அவர் இத்தனை வருஷத்தில் ஒரு தடவைகூட நேரில் பார்த்ததில்லை. தியேட்டரில் பார்த்திருக்கிறார், ஆனால் அங்கே தெரிவது கதாநாயகன் முகம்.

பின்னாலிருந்து அருள்நாதனின் குரல் கேட்டது: "விடு."

ஜுபைர் வெயிலுக்குள் பாய்ந்தான். கைகள் விரிந்திருந்தன, உடம்பு அம்புபோல் நேராக இருந்தது. எவ்வளவு அழகாக விழுகிறான் பாவி என்று கோதண்டம் நினைத்தார். அப்புறம் முகம் தெரிந்தது. கண்கள் இரண்டையும் இறுக மூடிக்கொண்டு, ஊசி போட்டுக்கொள்ளப்போகிற குழந்தைபோல் உதட்டை மடித்துக் கடித்துக்கொண்டு வந்தான். கோதண்டத்தின் இரண்டு கைகளும் தானாக முன்னே நீண்டன. சரியாக ஓர் ஆள் உயரத்தில் கயிறு பிடித்தது.

"ஓகே" என்றார் டைரக்டர். யாரோ கை தட்டினார்கள், பிறகு எல்லோரும் தட்டினார்கள். மெதுவாக இறக்கினார்கள். ஜுபைரின் கால் மெத்தையில் படுவதற்குள் கோதண்டம் போய் அவனை இடுப்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார். அவன் இதயம் அடித்துக்கொள்வது சட்டைக்கு மேலேயே தெரிந்தது.

பெல்ட்டை அவிழ்த்துக்கொண்டே கோதண்டம் கேட்டார். சத்தம் வெளியே வராமல்தான் கேட்டார். "இம்மாம் பயமாடா உனக்கு? இத்தினி வருசமும் இப்டிதான் கண்ண மூடிக்கினு வந்தியா? எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

ஜுபைர் மூச்சு வாங்கினான். கோதண்டத்தின் தோளில் நெற்றியை வைத்துக்கொண்டான்.

"நீ பிடிக்கும்போது தொறந்துக்கினுதான் நைனா வருவேன். இந்தவாட்டிதான் மூடுனேன்."